குறிகட்டுவானில் ஒரு கணக்கு

குறிகட்டுவான் இறங்குதுறையில் படகுக்குக் காத்திருக்கும்போது இந்தக் கேள்வியை மனதில் போட்டுப் பாருங்கள்.

ஆறு நிலங்கள்: யாழ்ப்பாணக் குடாநாடு, வேலணைத்தீவு, காரைநகர், புங்குடுதீவு, நயினாதீவு, நெடுந்தீவு. இவற்றை இணைக்க ஆறு வழிகள். குடாநாட்டிலிருந்து வேலணைக்குப் பண்ணைத் தாம்போதி (கடலுக்குள் கல்லும் மண்ணும் கொட்டி எழுப்பிய தெரு). குடாநாட்டிலிருந்து காரைநகருக்குப் பொன்னாலைத் தாம்போதி. காரைநகருக்கும் வேலணைத்தீவின் ஊர்காவற்றுறைக்கும் இடையே ‘பாதை’ (வாகனத்தையும் ஆளையும் ஏற்றிப்போகும் மிதவை). வேலணைக்கும் புங்குடுதீவுக்கும் இடையே வாணர் தாம்போதி. கடைசியாகப் புங்குடுதீவின் குறிகட்டுவானிலிருந்து நயினாதீவுக்கு ஒரு படகு வழி, நெடுந்தீவுக்கு ஒரு படகு வழி.

எங்கிருந்தும் தொடங்கலாம், எங்கும் முடிக்கலாம். ஆறு வழிகளையும் ஒன்றுவிடாமல், எதிலும் இரண்டாம் முறை போகாமல் ஒரே பயணமாக முடிக்க முடியுமா?

இரண்டு மூன்று தரம் தாளில் கீறிப் பார்த்தால் “முடியாது” என்று சொல்வீர்கள். சரிதான், முடியாது. ஆனால் அது உங்களுக்கு எப்படித் தெரியும்? “கீறிப் பார்த்தேன், வரவில்லை” என்பது பதிலானால், அடுத்த கேள்வி: நீங்கள் கீறாமல் விட்ட ஒரு வழி இருந்தால்?

பல்கலைக்கழகக் கணிதம் தொடங்குவது இந்த இடத்தில்தான்.

உயர்தரத்தில் இணைந்த கணிதத்துக்கு நல்ல பெறுபேறு எடுத்த பிள்ளை, முதல் வருடத்தின் முதல் பயிற்சித்தாளைப் பார்த்து ஒரு வரிகூட எழுத முடியாமல் இருந்துவிடுவது புதுமை அல்ல. பள்ளிக்கூடம் பெரும்பாலும் ‘காண்க’ என்று கேட்டது. இங்கே ‘நிறுவுக’ என்று கேட்கிறார்கள். கடந்தகால வினாத்தாள்களைச் செய்து செய்து, கணக்கைப் பார்த்ததும் அதன் வகையைப் பிடிக்கும் திறமை உங்களுக்கு வந்திருக்கிறது. அந்தத் திறமை பொய்யில்லை. ஆனால் இங்கே வகை தெரிவதோடு வேலை முடிவதில்லை. மூளை மழுங்கிவிட்டதென்று பயப்படாதீர்கள். கேட்கிற வேலைதான் மாறியிருக்கிறது.

அப்படியானால் நிறுவல் உங்களுக்குப் புதிதா? இல்லை. சாதாரண தரக் கேத்திரகணிதத்தில் ‘தரவு’, ‘நிறுவ வேண்டியது’, ‘நிறுவல்’ என்று தலைப்பிட்டு எழுதினீர்களே, அதேதான். ஒவ்வொரு வரிக்கும் பக்கத்தில் ‘குத்தெதிர்க் கோணங்கள்’ என்பதுபோல அடைப்புக்குறிக்குள் காரணம் போடச் சொல்லி ஆசிரியர் உயிரை எடுத்திருப்பார். அந்தப் பழக்கத்தைத் தயவுசெய்து விட்டுவிடாதீர்கள். பல்கலைக்கழகத்துக்கு வந்ததும் பலர் முதலில் கைவிடுவது அதைத்தான். காரணங்களின் பட்டியல் நீண்டுவிட்டது, அவ்வளவே. முன்பு நாலைந்து தேற்றங்களுக்குள் தேடினீர்கள். இப்போது வரைவிலக்கணங்களுக்குள் (ஒரு சொல்லுக்குக் கணிதத்தில் இதுதான் பொருள் என்ற உடன்பாடு) தேட வேண்டும்.

நிறைய உதாரணங்கள் சரியாக வந்தால் போதாதா என்று கேட்கலாம். போதாது. n² + n + 41 என்ற கோவையை எடுங்கள். nக்கு 0 போட்டால் 41, அது முதன்மை எண் (1ஆலும் தன்னாலும் மட்டும் மீதியின்றி வகுபடும், 1ஐவிடப் பெரிய எண்). 1 போட்டால் 43, 2 போட்டால் 47, அவையும் முதன்மை எண்கள். இப்படி 39 வரை போட்டாலும் ஒவ்வொரு முறையும் முதன்மை எண்ணே வரும். நாற்பது தரம் சரி. 40 போட்டவுடன் 1681 வருகிறது. அது 41 × 41. நாற்பது சாட்சிகள் ஒருமுகமாகச் சொன்னதை ஒரேயொரு சாட்சி கவிழ்த்துவிட்டது. அப்படிக் கவிழ்க்கிற உதாரணத்துக்கு எதிருதாரணம் என்று பெயர்.

நியாயத்துக்காக இதையும் சொல்ல வேண்டும். எல்லா வகைகளையும் உண்மையாகவே ஒன்றுவிடாமல் சோதித்தால் அதுவும் நிறுவல்தான். நமது ஆறு வழிகளையும் வரிசைப்படுத்த 720 விதங்கள் உண்டு. 720ஐயும் எழுதி ஒவ்வொன்றும் எங்கே முறிகிறது என்று காட்டினால் யாரும் குறை சொல்ல முடியாது. இருபதை எழுதிவிட்டு ‘முதலியன’ என்று போட்டால்தான் குறை.

இனி எழுதிப் பார்ப்போம். ஒரு மாணவரின் முதல் முயற்சி இப்படி வரலாம்: “நயினாதீவுக்குப் போனால் அதே வழியால்தான் திரும்ப வேண்டும். நெடுந்தீவும் அப்படித்தான். ஆகவே முடியாது.”

யோசனை நல்லது. ஆனால் நிறுவல் இன்னும் ஆகவில்லை. ஏன்? நயினாதீவுக்குப் போய்த் திரும்ப முடியாது என்பது உண்மை. ஆனால் பயணத்தை அங்கேயே முடித்துக்கொண்டால் திரும்பவே தேவையில்லையே! அங்கிருந்து தொடங்கியிருந்தாலும் சிக்கல் இல்லை. ‘ஆகவே’ என்ற சொல் தாங்க முடியாத பாரத்தைத் தூக்கி நிற்கிறது. திருத்துபவர் சிவப்புப் பேனாவால் ‘ஏன்?’ என்று எழுதும் இடம் அனேகமாக ஓர் ‘ஆகவே’யின் பக்கத்தில்தான் இருக்கும்.

அந்த ‘ஏன்’ உங்கள் எதிரி அல்ல. அடுத்து எங்கே தோண்ட வேண்டும் என்று காட்டுவது அதுதான். நயினாதீவு தொடக்கமாகவோ முடிவாகவோ மட்டும் இருக்கலாம். நெடுந்தீவும் அப்படியே. அப்படியானால் பயணம் ஒரு தீவில் தொடங்கி மற்றத் தீவில் முடிகிறது. இரண்டும் வாணர் தாம்போதிக்கு ஒரே பக்கத்தில், புங்குடுதீவுப் பக்கத்தில் கிடக்கின்றன. தாம்போதியையோ ஒரு தரம்தான் கடக்கலாம். கடந்து வேலணைக்குப் போனவர் எப்படித் திரும்புவார்? இதோ, பிடி கிடைத்துவிட்டது.

இப்போது சுத்தமாக எழுதுவோம்.

நிறுவல்: அப்படி ஒரு பயணம் உண்டென்று கருதுவோம். நயினாதீவுக்கு ஒரே வழி மட்டும் உண்டு. ஒரு நிலத்தின் ஊடாகக் கடந்து போவதானால் உள்ளே வர ஒரு வழியும் வெளியே போக வேறொரு வழியும் வேண்டும். ஆகவே நயினாதீவு பயணத்தின் தொடக்கம் அல்லது முடிவு. அதே காரணத்தால் நெடுந்தீவும் தொடக்கம் அல்லது முடிவு. எனவே பயணம் இவ்விரண்டில் ஒன்றில் தொடங்கி மற்றதில் முடிகிறது. புங்குடுதீவு, நயினாதீவு, நெடுந்தீவு மூன்றையும் ‘மேற்குப் பக்கம்’ என்றும், ஏனைய மூன்றையும் ‘கிழக்குப் பக்கம்’ என்றும் அழைப்போம். இரு பக்கங்களையும் இணைப்பது வாணர் தாம்போதி மட்டும். பயணம் மேற்கில் தொடங்குகிறது, தாம்போதியைச் சரியாக ஒரு தரம் கடக்கிறது. ஆகவே அது கிழக்கில் முடிகிறது. ஆனால் அது மேற்கில் முடிகிறது என்று மேலே கண்டோம். இது முரண்பாடு. ஆகவே அப்படி ஒரு பயணம் இல்லை.

இந்த உத்திக்கு முரண்பாட்டால் நிறுவுதல் என்று பெயர். இல்லாததை இருப்பதாகச் சற்று நேரம் ஒப்புக்கொண்டு, அதன் வாயாலேயே பொய்யை வரவழைப்பது. ஊரில் பொய்ச்சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்வதும் இப்படித்தானே.

மாணவரின் முதல் முயற்சியையும் இந்த நிறுவலையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். இரண்டாவது நீளமானது என்பதற்காக மேலானதல்ல. அதில் எந்த வரியை எடுத்து ‘ஏன்?’ என்று கேட்டாலும், பதில் அந்த வரியிலோ அதற்கு முந்திய வரியிலோ இருக்கிறது. ‘மேற்குப் பக்கம்’ என்பதன் பொருளைப் பயன்படுத்துமுன் சொல்லிவிட்டோம். கணிதக் குறியீடு ஒன்றுகூட இல்லை என்பதையும் கவனியுங்கள். குறியீடு நிறைந்திருந்தால்தான் நிறுவல் என்பது தவறான எண்ணம். முழு வசனம் எழுதுங்கள்.

தொடக்க வரியே வரவில்லை என்றால் என்ன செய்வது? இது எல்லாரும் கேட்கிற கேள்வி. பதில் சலிப்பூட்டும், ஆனால் வேலை செய்யும்: கேள்வியில் உள்ள ஒவ்வொரு சொல்லுக்கும் வரைவிலக்கணத்தை எழுதுங்கள். ‘இரண்டு ஒற்றை எண்களின் பெருக்கம் ஒற்றை எண் என நிறுவுக’ என்று கேட்டால், ஒற்றை எண் என்றால் என்ன? ‘1, 3, 5 போன்றவை’ என்பது உதாரணம், வரைவிலக்கணம் அல்ல. ‘ஏதோவொரு நிறையெண் aக்கு 2a + 1 என்று எழுதக்கூடிய எண்’ என்பதே வரைவிலக்கணம். அதை எழுதிய கையோடு பாதி வேலை முடிந்துவிடும். எண்கள் 2a + 1, 2b + 1. பெருக்கினால் 4ab + 2a + 2b + 1. அதாவது 2(2ab + a + b) + 1. அடைப்புக்குள் இருப்பது நிறையெண். ஆகவே பெருக்கம் ஒற்றை எண்.

இதில் ஒரு பொறி உண்டு. இரண்டு எண்ணுக்கும் 2a + 1 என்றே எழுதிவிடுவது. அப்படி எழுதினால் இரண்டும் ஒரே எண் ஆகிவிடும், 3 × 3 மாதிரியானவற்றை மட்டும் நிறுவியிருப்பீர்கள். 3 × 7 வெளியே நிற்கும்.

இன்னொரு பொறி, முடிவிலிருந்து தொடங்குவது. a² + b² ≥ 2ab என்று நிறுவச் சொன்னால், அதையே முதல் வரியாக எழுதி, மாற்றி மாற்றி (a − b)² ≥ 0 என்று வந்ததும் ‘இது உண்மை, ஆகவே நிறுவப்பட்டது’ என்று முடிப்பவர்கள் பலர். இதே முறையில் 1 = −1 என்பதையும் ‘நிறுவி’விடலாம். இரு பக்கமும் வர்க்கித்தால் 1 = 1, அது உண்மை! வர்க்கிப்பது ஒருவழித் தெரு. போகலாம், அதே வழியால் திரும்ப முடியாது. கரட்டுத்தாளில் முடிவிலிருந்து பின்னோக்கி யோசிப்பதில் தவறே இல்லை, எல்லாரும் செய்வதுதான். விடைத்தாளில் எழுதும்போது மட்டும் திருப்பி எழுதுங்கள். (a − b)² ≥ 0 என்று தொடங்கி a² + b² ≥ 2ab என்று முடியுங்கள். ஒவ்வொரு படியும் அந்தத் திசையில் செல்லுகிறதா என்று அப்போதுதான் தெரியவரும்.

திசை என்றதும் மறுதலை (‘இதனால் அது’ என்பதைத் திருப்பி ‘அதனால் இது’ என்பது) பற்றியும் பேச வேண்டும். ‘கடல் கொந்தளித்தால் நெடுந்தீவுப் படகு ஓடாது.’ இதை உண்மையென்று வைத்துக்கொள்வோம். இன்று படகு ஓடவில்லை. ஆகவே கடல் கொந்தளிக்கிறதா? அப்படிச் சொல்ல முடியாது. இயந்திரம் பழுதாகியிருக்கலாம். ஆனால் படகு ஓடியது என்று தெரிந்தால், கடல் கொந்தளிக்கவில்லை என்று துணிந்து சொல்லலாம். முதலாவது மறுதலை, அதைத் தனியாக நிறுவ வேண்டும். இரண்டாவது அதே கூற்றின் இன்னொரு முகம், இலவசமாகக் கிடைக்கும். இறங்குதுறையில் யாரும் இதில் பிழை விடமாட்டார்கள். அதையே xஉம் yஉம் போட்டு எழுதினால் தடுமாறுகிறோம். தடுமாறும்போது xஐப் படகாக்கிப் பாருங்கள்.

ஆங்கிலம் என்ன செய்வது என்று கேட்பீர்கள். நியாயமான கவலை. தமிழ் மொழிமூலம் உயர்தரம் வரை படித்துவிட்டு வந்தால், திருநெல்வேலியில் உள்ள யாழ்ப்பாணப் பல்கலைக்கழக விஞ்ஞான பீடத்திலும் விரிவுரையும் பரீட்சையும் ஆங்கிலத்தில்தான். கணித நிறுவலுக்குத் தேவையான ஆங்கிலம் சிறியது. ‘லெட்’, ‘சப்போஸ்’, ‘தென்’, ‘ஹென்ஸ்’, ‘சின்ஸ்’ போன்ற ஓர் ஐம்பது சொற்களும் பத்துப் பதினைந்து வசன அமைப்புகளும் பிடிபட்டால் முதல் வருடத்தை ஓட்டலாம். இலக்கியம் எழுதச் சொல்லி யாரும் கேட்கப்போவதில்லை.

ஆனால் ஒரு சொல்லில் மட்டும் கவனம்: ‘எனி’. அது சில இடத்தில் ‘எதை எடுத்தாலும்’ என்று பொருள்படும், சில இடத்தில் ‘ஏதாவது ஒன்று’ என்று பொருள்படும். முதலாவது எல்லாவற்றையும் பற்றிய கூற்று, அதை நிறுவ ஓர் உதாரணம் உதவாது. இரண்டாவதுக்கு ஓர் உதாரணமே போதும். ‘எனி’ கண்ட இடத்திலெல்லாம் அதைத் தமிழில் சொல்லிப் பாருங்கள், எந்தப் பொருள் என்று தெரிந்துவிடும். அதேபோல ‘ஒவ்வொரு தீவுக்கும் ஒரு படகு உண்டு’ என்பதும் ‘ஒரே படகு எல்லாத் தீவுக்கும் போகிறது’ என்பதும் வேறுவேறு. தமிழில் அந்த ‘ஒரே’ வந்து நம்மைக் காப்பாற்றுகிறது. ஆங்கிலத்திலும் குறியீட்டிலும் பெரும்பாலும் சொற்களின் வரிசைதான் வித்தியாசத்தைக் காட்டும். எல்லை பற்றிய பாடத்தில் எப்சிலன் (கேட்கப்படும் நெருக்கம்), டெல்ரா (அதற்காக நாம் தேரும் நெருக்கம்) என்று வரும்போது பலர் விழுவது இந்தக் குழியில்தான். ஒவ்வோர் எப்சிலனுக்கும் ஒரு டெல்ரா இருந்தால் போதும், எல்லாவற்றுக்கும் ஒரே டெல்ரா தேவையில்லை.

தமிழில் யோசித்து ஆங்கிலத்தில் எழுதுவதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. பொன்னாலைத் தாம்போதிக்குப் போகும் வழியில் வட்டுக்கோட்டை இருக்கிறது. அங்கே 1823இல் அமெரிக்க மிஷனரிமார் தொடங்கிய செமினரியில் படித்த கறோல் விசுவநாதபிள்ளை, 1855இலேயே அட்சரகணிதத்துக்குத் தமிழில் ‘வீசகணிதம்’ என்று ஒரு நூல் வெளியிட்டார். இந்த மொழியில் இந்த வேலை நடந்துதான் இருக்கிறது.

எப்படிப் பழகுவது? பாடமாக்குவதால் (மனனம் செய்வதால்) மட்டும் வராது. ஆனால் வரைவிலக்கணங்களைக் கட்டாயம் பாடமாக்குங்கள், ஒரு சொல்லும் பிசகாமல். நிறுவல்களை அப்படிச் செய்யாதீர்கள். விரிவுரைக் குறிப்பில் ஒரு நிறுவலை வாசியுங்கள், கொப்பியை மூடுங்கள், வெற்றுத்தாளில் எழுதுங்கள். முட்டி நின்ற இடத்தில் மட்டும் திறந்து பாருங்கள். அந்த இடம்தான் அந்த நிறுவலின் உயிர்நிலை. மற்றதெல்லாம் வரைவிலக்கணத்திலிருந்து தானாக ஒழுகி வரும். பிறகு நீங்கள் எழுதியதை ஒரு நாள் ஆறப்போட்டு, வேறு யாரோ எழுதியதுபோல வாசித்து, ஒவ்வொரு ‘ஆகவே’யிலும் நின்று ‘ஏன்?’ என்று கேளுங்கள். கூடப் படிக்கும் ஒருவர் அகப்பட்டால் இன்னும் நல்லது. மற்றவரின் பிழை நமக்கு எப்போதும் பளிச்சென்று தெரியும்.

நெடுந்தீவிலிருந்து வருபவருக்குப் படகிலேயே ஏறக்குறைய ஒரு மணிநேரம் போகும். ஆடுகிற படகில் புத்தகம் திறந்தால் தலை சுற்றும், வேண்டாம். ஒரேயொரு கூற்றை மனதில் வைத்துக்கொண்டு ஏறுங்கள். பேனா இல்லாமல் யோசிப்பதும் பயிற்சிதான். ஒரு கணக்கு ஒரு மணிநேரத்தில் வராமல் போவது இங்கே இயல்பு. உயர்தரப் பரீட்சையின் வேகத்துக்குப் பழகியவருக்கு இதை நம்பக் கொஞ்ச நாள் எடுக்கும்.

இனி நமது கேள்விக்குத் திரும்புவோம், அதில் இன்னும் சாறு இருக்கிறது. இதே மாதிரியான கேள்வியை 1735இல் கணிதவியலாளர் லெயோன்காட் ஒயிலர் எடுத்துக்கொண்டார். பிரஷ்யாவின் கோனிக்ஸ்பேர்க் நகரில் (இன்று ரஷ்யாவின் கலினின்கிராட்) ஆற்றுக்கு மேல் ஏழு பாலங்கள், நாலு நிலப்பகுதிகள். எல்லாப் பாலத்தையும் ஒவ்வொரு தரம் கடந்து வரமுடியுமா என்பது கேள்வி. அவர் தீவையும் பாலத்தையும் பார்க்கவில்லை, ஒவ்வொரு நிலத்தையும் எத்தனை வழி தொடுகிறது என்று எண்ணினார்.

தொடக்கமும் முடிவும் அல்லாத நிலத்துக்குள் எத்தனை தரம் வருகிறோமோ அத்தனை தரம் வெளியேறுகிறோம். ஆகவே அதைத் தொடும் வழிகள் சோடி சோடியாகத் தீரும், எண்ணிக்கை இரட்டை. ஒற்றை எண்ணிக்கை உள்ள நிலம் தொடக்கமாகவோ முடிவாகவோதான் இருக்க முடியும். ஆகவே அத்தகைய நிலம் இரண்டுக்கு மேல் இருக்கக்கூடாது. கோனிக்ஸ்பேர்க்கில் 5, 3, 3, 3. நாலும் ஒற்றை, முடியாது. நமது பக்கம்: குடாநாடு 2, காரைநகர் 2, வேலணை 3, புங்குடுதீவு 3, நயினாதீவு 1, நெடுந்தீவு 1. இங்கும் நாலு ஒற்றை. முடியாது.

ஒரே முடிவுக்கு இரண்டு நிறுவல். எது நல்லது? முதலாவது நமது தீவுகளுக்கென்றே தைத்த சட்டை. இரண்டாவது உலகத்தில் எந்த ஊருக்கும் பொருந்தும். ஆனால் முதலாவதைக் கண்டுபிடிக்காமல் நேரே இரண்டாவதுக்குப் போகிறவர் அரிது. உங்கள் முதல் நிறுவல் விகாரமாக இருந்தால் கிழித்துப் போடாதீர்கள்.

நயினாதீவுக்கும் நெடுந்தீவுக்கும் இடையே புதிதாக ஒரு படகு வழி வந்தால்? இரண்டும் 2 ஆகின்றன. ஒற்றை இப்போது வேலணையும் புங்குடுதீவும் மட்டும். பயணம் உண்டென்று ஆகிவிட்டதா? அவசரப்படாதீர்கள். ‘பயணம் இருந்தால் ஒற்றை இரண்டுக்கு மேல் இல்லை’ என்றுதான் நிறுவினோம். ‘ஒற்றை இரண்டுக்கு மேல் இல்லாவிட்டால் பயணம் உண்டு’ என்பது மறுதலை. நிலங்கள் எல்லாம் ஒன்றோடொன்று தொடர்பாக இருக்கும்போது அதுவும் உண்மைதான். ஆனால் அதன் முழு நிறுவலைக் கண்டவர் கார்ல் ஹியர்ஹோல்சர் என்ற கணிதவியலாளர், அது அச்சில் வந்தது 1873இல். ஒயிலருக்குப் பின் நூற்றுமுப்பது வருடத்துக்கு மேல். நமக்கு அது தேவைப்படாது, ஒரு பயணத்தைக் காட்டினாலே போதும்: வேலணை, குடாநாடு, காரைநகர், வேலணை, புங்குடுதீவு, நயினாதீவு, நெடுந்தீவு, புங்குடுதீவு. ஏழு வழியும் ஒவ்வொரு தரம்.

போகுமுன் தாளில் இரண்டு வேலை. அந்தப் புதிய படகு வழி வந்த பின்னர், நாம் சுத்தமாக எழுதிய முதல் நிறுவலில் எந்த வரி முதலில் பொய்யாகிறது என்று தேடுங்கள். பிறகு புதிய வழியை அழித்துவிட்டு, ஊர்காவற்றுறைப் பாதை ஓடாத ஒரு நாளை எடுத்துக்கொள்ளுங்கள். அதே நிறுவலில் எத்தனை வரியை மாற்ற வேண்டும்? எண்ணிப் பார்த்தால் ஒன்றுமில்லை என்று வரும். ஏன் ஒன்றுமில்லை என்பதை முழு வசனங்களில் எழுதுங்கள்.